பார்க்கப் போனால் ஒத்துக்கொண்டதாகும்

குடும்ப நீதிமன்றத்துக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு எந்த மாதிரி வழக்குக் கட்டு மிகவும் பிடிக்கும் என்று எனக்குத் தெரியும். எனக்கும் அதுதான் பிடித்திருந்தது. ‘இந்த மனுவை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகார வரம்பே கிடையாது’ என்று எதிர்த்தரப்பு எழுந்து சொல்லும் பாருங்கள், அந்தக் கட்டு. அதில் அழுகை இல்லை, அடி உதை இல்லை, மாமியார் இல்லை. ஒரு முகவரி மட்டும்தான். குழந்தை சாதாரணமாக எந்த ஊரில் வசிக்கிறதோ அந்த மாவட்ட நீதிமன்றத்தில்தான் அதை வைத்து வளர்க்கும் உரிமையைக் கேட்க வேண்டும் என்பது சட்டம். குழந்தை நம் மாவட்டம் இல்லையென்றால் மனுவைத் திருப்பிக் கொடுத்துவிட்டு அடுத்த வழக்கைக் கூப்பிடலாம். நாலு பக்கத்தில் உத்தரவு, நான்கு தீர்ப்புகளின் மேற்கோள். மதியச் சாப்பாடு ஆறுவதற்குள் வேலை முடிந்துவிடும்.

குழந்தை யாரிடம் வளர வேண்டும் என்பதுதான் நெஞ்சைப் பிசையும் கேள்வி, எந்த ஊர்க் குழந்தை என்பது வெறும் வாசற்படி என்று நீங்கள் நினைத்துக்கொண்டிருப்பீர்கள். அந்த வாசற்படியில் ஒரு தாயும் ஒரு மகளும் என்ன ஆனார்கள் என்பதை மட்டும் இன்று சொல்கிறேன். மற்ற அனுபவங்களையெல்லாம் வேறு யாராவது உங்களுக்குச் சொல்வார்கள். ஓய்வு பெற்ற நீதிபதிகளுக்கு வேறென்ன வேலை. பெயர்களை மாற்றியிருக்கிறேன்.

அமலா கொடைக்கானலில் ஒரு பள்ளி விடுதியின் சமையலறையில் வேலை பார்த்தாள். வீடு அட்டுவம்பட்டியில். அவள் கணவன் செல்வம் மலைக்குக் கீழே பெரியகுளத்துக்காரன், சுற்றுலா வேன் ஓட்டுபவன். காதலித்துக் கல்யாணம் செய்தவர்கள். எதனால் பிரிந்தார்கள் என்று நான் கடைசிவரை சரியாகத் தெரிந்துகொள்ளவில்லை, தெரிந்துகொள்ள வேண்டிய கட்டம் வழக்கில் வரவும் இல்லை. ஒரே மகள், ஷைனி. இரண்டாம் வகுப்பு.

பிரிந்த பிறகு இருவரும் நீதிமன்றத்துக்கு வரவில்லை. தாங்களாகவே ஒரு வழி செய்துகொண்டார்கள். பிள்ளை மலையில் அம்மாவிடம் இருந்து பள்ளிக்கூடம் போகும். வெள்ளிக்கிழமை மாலை செல்வம் சுற்றுலாக்காரர்களை ஏற்றி வந்து இறக்கிவிட்டுத் திரும்பும்போது மகளை வேனில் முன்சீட்டில் உட்கார வைத்துக் கூட்டிப் போவான். ஞாயிறு மாலை கொண்டுவந்து விடுவான். இதற்கு யாரும் உத்தரவு போடவில்லை. போட்டிருந்தால் இதைவிட நன்றாக எந்த நீதிபதியும் போட்டிருக்க முடியாது என்றுதான் நான் சொல்வேன்.

பிறகு ஒரு கோடை விடுமுறை. விடுமுறை முழுவதும் பெரியகுளத்தில் இருக்கட்டும், மாம்பழக் காலம் என்று அமலாவே அனுப்பிவைத்தாள். ஜூன் மாதம் பள்ளி திறந்தபோது செல்வம் பிள்ளையைக் கொண்டுவந்து விடவில்லை. மலைக் குளிர் அவளுக்கு ஆகவில்லை, சளி இழுக்கிறது என்று சொல்லி அங்கேயே ஒரு பள்ளியில் சேர்த்துவிட்டான். சளி இழுத்தது உண்மைதான். தனியாகக் கிடந்த வீட்டில் மகள் குரல் கேட்டுப் பழகிவிட்டது என்பதும் உண்மையாக இருக்கலாம். நான் அவனைக் கெட்டவன் என்று சொல்ல மாட்டேன்.

அமலா மலைக்குக் கீழே சமவெளியில் இருந்த எங்கள் நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். கொடைக்கானல் எங்கள் மாவட்டம். பெரியகுளமோ தேனி மாவட்டம். செல்வத்தின் வக்கீல் முதல் நாளே எழுந்து சொல்லிவிட்டார்: குழந்தை படிப்பது பெரியகுளம், படுப்பது பெரியகுளம், இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை, முதலில் இதை முடிவு செய்யுங்கள். சரி, முதலில் அதைத்தான் முடிவு செய்ய வேண்டும். இரு தரப்பும் சாட்சியம் கொடுக்க நாள் குறித்தேன்.

அன்று நான் அமலாவைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டேன். இதை நான் எல்லா வழக்கிலும் கேட்பேன். “இது முடியறதுக்குக் கொஞ்ச நாள் ஆகும்மா. அதுவரைக்கும் சனி ஞாயிறு பிள்ளையப் போய்ப் பார்க்கணும்னா சொல்லுங்க, ஏற்பாடு பண்ணலாம்.”

“வேண்டாங்க மேடம்” என்றாள்.

அவளுடைய வக்கீலே திரும்பி அவளைப் பார்த்தார். நான் கேட்டது புரியவில்லையோ என்று மறுபடி கேட்டேன். “வேண்டாங்க மேடம், நானாப் போயிப் பாக்க மாட்டேன்” என்றாள். செல்வத்தின் வக்கீலுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. “தாய் சொல்வதை அப்படியே பதிவு செய்துகொள்ள வேண்டும்” என்று கேட்டுக்கொண்டார். பெற்ற தாய்க்கே பார்க்க விருப்பமில்லாத குழந்தையைப் பற்றி எதற்கு வழக்கு என்று முதல் வரிசையில் இரண்டு ஜூனியர்கள் சிரித்துக்கொண்டார்கள்.

நான் பதிவு செய்யவில்லை. ஏனென்று அப்போது எனக்கே தெரியாது. எதுவோ இடித்தது. ஒருவர் தன் வாயாலேயே தன் வழக்கைக் கெடுத்துக்கொள்ளும்போது அவசரப்பட்டு அதை எழுதி வாங்கிவிடாதீர்கள். அதற்குப் பின்னால் அநேகமாக வேறு யாரோ இருப்பார்கள். ‘வேண்டாம்’ என்று சொல்லி முடித்ததும் அமலா என் முகத்தைப் பார்க்கவில்லை. நீதிமன்றத்தின் கடைசி பெஞ்சைத் திரும்பிப் பார்த்தாள். அங்கே கீழ்நாட்டு வெயிலில் ஸ்வெட்டரும் மப்ளருமாக ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். சரியாகச் சொன்னாய் என்பதுபோல் தலையை ஆட்டினார்.

அடுத்தடுத்த வாய்தாக்களிலும் இதே கதை. செல்வம் பிள்ளையை மலைக்கு அனுப்புவதை அடியோடு நிறுத்தியிருந்தான். கேட்டபோது, “கேஸ் முடியட்டும் மேடம், அப்பறம் நானே கொண்டாந்து விடுறேன். இப்ப ஒரு ராத்திரி மேல படுத்தாலும் அத வச்சு எதுவும் பேசுவாங்கன்னு சொல்றாங்க” என்றான். யார் சொல்கிறார்கள் என்று கேட்டேன். வேன் ஸ்டாண்டில் எல்லாரும் சொல்கிறார்களாம். அமலா கீழே போகவே இல்லை. மழைக்காலம் வந்துவிட்டது. ஆடியிலும் ஆவணியிலும் அந்தக் குழந்தை தாயைப் பார்க்கவில்லை. புரட்டாசியிலும் பார்க்கவில்லை. குளிர்ந்துபோன மனசு போலிருக்கிறது என்று நானும் ஓரளவு நினைக்க ஆரம்பித்திருந்தேன்.

ஐப்பசியில் ஒரு நாள் குழந்தையை என் அறைக்கு வரச் சொன்னேன். வசிக்கும் ஊர் எது என்ற கேள்விக்கு ஏழு வயதுப் பிள்ளையின் சாட்சியம் தேவையில்லை என்று இரு வக்கீல்களும் ஒரே குரலில் சொன்னார்கள். அவர்கள் ஒத்துப்போன ஒரே விஷயம் அதுதான். எல்லாருடைய வாயிலும் இருக்கிற அந்தப் பிள்ளையை நான் ஒரு தடவையாவது பார்க்க வேண்டாமா என்றேன்.

இரட்டைச் சடை, கழுத்துவரை பொத்தான் போட்ட சட்டை. நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். நான் பேர் என்ன என்று கேட்பதற்குள், “நான் பெரியகுளத்துல இருக்கேன்” என்றாள்.

“சரி. பேரு?”

“ஷைனி. பெரியகுளத்துல இருக்கேன். பெரியகுளத்துலதான் படிக்கிறேன்.”

சொல்லிக் கொடுத்ததை ஒப்பித்துவிட்டு, சரியாகச் சொன்னோமா என்று கதவுப் பக்கம் பார்த்தாள். பிள்ளைகளிடம் ‘உன் வீடு எங்கே’ என்று கேட்காதீர்கள். அது வழக்குக்காரர்களின் கேள்வி. பதில் ஏற்கெனவே பாடம் செய்யப்பட்டிருக்கும். நான் வேறு மாதிரிக் கேட்பேன். காய்ச்சல் வந்தால் யார் பக்கத்தில் படுப்பாய், உன் பழைய செருப்பு எங்கே கிடக்கிறது, இப்படி. ஆனால் அன்று எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை. அவள் இடது கை மூடியே இருந்தது.

“கையில என்ன பாப்பா?”

கொஞ்சம் யோசித்துவிட்டுத் திறந்து காட்டினாள். ஒரு எலுமிச்சம்பழம். பழம் என்று சொல்ல முடியாது. காய்ந்து, சுருங்கி, கருத்துப்போய் கோலிக்குண்டு மாதிரி கெட்டியாகியிருந்தது.

மலைப்பாதை தெரிந்தவர்களுக்கு இது என்னவென்று சொல்ல வேண்டாம். வளைவில் வண்டி திரும்பத் திரும்ப வயிற்றைப் புரட்டும் பிள்ளைகளுக்குக் கையில் ஒரு எலுமிச்சம்பழம் கொடுத்து, மோந்துகொண்டே வா என்று அனுப்புவார்கள். ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் வேனில் ஏற்றும்போது அமலா ஒன்று கொடுத்து அனுப்புவாளாம். போகும்போதும் அதுதான், வரும்போதும் அதுதான்.

“பெரியகுளத்துலேருந்து இங்க வர்றதுக்கு மலையே இல்லையே” என்றேன்.

“இது இங்க வர்றதுக்கு இல்ல. லீவுக்கு வரும்போது அம்மா குடுத்துச்சு. எறங்கும்போது மோந்தாச்சு. ஏறும்போதுக்கு வச்சிருக்கேன்.”

அந்தப் பழத்தில் மோந்து பார்க்க ஒன்றும் மிச்சமில்லை. கோடை போய் மழை வந்து, அவள் அதை யாருக்கும் தெரியாமல் பள்ளிப் பையிலும் தலையணை அடியிலும் மாற்றி மாற்றி வைத்துக் காப்பாற்றியிருக்கிறாள். நான் பேனாவை மூடி வைத்துவிட்டேன். விசாரணையின் நடுவில் நீதிபதி அப்படியெல்லாம் மூடி வைக்கக் கூடாது என்று பயிற்சியில் சொல்வார்கள். சொல்லட்டும்.

பிறகு அவளாகவே கேட்டாள். “அம்மாவுக்கு நெறையச் சோலியா? இல்ல, என்னையப் பிடிக்கலையா?”

“யார் சொன்னா பிடிக்கலைன்னு?”

“யாரும் சொல்லல. அம்மா வரவே இல்லைல்ல. பெரியகுளத்துக்கு பஸ் இருக்கு. எனக்குத் தெரியும்.”

குழந்தையை எங்கள் பெண் எழுத்தரோடு பக்கத்து அறைக்கு அனுப்பிவிட்டு அமலாவை மட்டும் உள்ளே கூப்பிட்டேன். கோபத்தோடுதான் கூப்பிட்டேன். கொடைக்கானலுக்கும் பெரியகுளத்துக்கும் நடுவில் எத்தனை பஸ் ஓடுகிறது, இத்தனை மாதத்தில் ஒரு தடவை ஏறி உட்கார உனக்கு மனசு வரவில்லையா என்று ஒருமையிலேயே கேட்டுவிட்டேன்.

“போனா போயிரும்ல மேடம்” என்றாள்.

“என்ன போயிரும்?”

“கேசு. நான் அங்கன போயிப் பாத்தேன்னா, பிள்ளை அங்கதான் இருக்குன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிருமாம்ல. எங்கண்ணன் சொல்லுச்சு. அவன் வாசல்ல போயி நின்னுறாத, நின்னா அவன் எடம்னு ஆயிரும்னு சொல்லுச்சு.”

கடைசி பெஞ்சில் மப்ளரோடு உட்கார்ந்திருந்தவர்தான் அந்த அண்ணன். வில்பட்டியில் பூண்டும் கேரட்டும் போடுகிற விவசாயி. அவரையும் கூப்பிட்டு விசாரித்தேன். மனிதர் கொஞ்சமும் தயங்கவில்லை. கோர்ட்டு விஷயம் தனக்கு அத்துப்படி என்றார். பக்கத்துத் தோட்டக்காரனோடு வரப்புத் தகராறில் பல வருஷம் வழக்காடி ஜெயித்தவராம். வாய்க்காலுக்குப் போக அந்தப் பக்கத்துத் தோட்டக்காரன், ‘என் நிலம் வழியா வேணும்னா நடந்துக்கங்க’ என்று பெருந்தன்மையாகச் சொன்னானாம். இவர் நடக்கவில்லை. நடந்தால் அது அவன் நிலம் என்று ஒத்துக்கொண்டதாகிவிடும். மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு, மேட்டைச் சுற்றி, வழுக்கலில் ஏறி இறங்கியே வழக்கு முடியும்வரை விவசாயம் பார்த்தாராம்.

“ஒரு நா கால வச்சிருந்தேன்னா போச்சுங்க மேடம். நெலம் யாரு அனுபவத்துல, யாரு கையில இருக்குன்னுதான கோர்ட்டு பாக்கும். அதத்தான் தங்கச்சிக்கும் சொன்னேன். தப்பா மேடம்?”

நிலத்தைப் பொறுத்தவரை அவர் சொன்னதில் தப்பே இல்லை. மலையில் கோர்ட்டு என்றால் பட்டா, வரப்பு, பாதை, தண்ணீர். அவர்கள் பார்த்த வழக்கு அவ்வளவுதான். தங்கை மேல் உயிரையே வைத்திருந்த மனிதர், தனக்குத் தெரிந்த ஒரே வெற்றியை அவளுக்கும் வாங்கிக் கொடுக்கப் பார்த்திருக்கிறார். செல்வத்தின் வேன் ஸ்டாண்டிலும் இதே சட்டம்தான் ஓடிக்கொண்டிருந்தது. பிள்ளை ஒரு ராத்திரி மேலே படுத்தால் அனுபவம் மாறிவிடும். தகப்பன் கையை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தான், தாய் கையை நீட்டாமல் இருந்தாள். இருவருமே மகளுக்காக என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

“அப்ப பிள்ளையப் பாக்காமயே இருந்தீங்களா?” என்று அமலாவைக் கேட்டேன். கோபம் போய்விட்டிருந்தது.

“கோக்கர்ஸ் வாக்குல போயி நிப்பேன் மேடம். வெள்ளிக்கெழம வேலை முடிஞ்சு. மேகம் இல்லைன்னா கீழ பெரியகுளம் தெரியும். கண்மாய் மட்டும் நல்லாத் தெரியும். அங்கருந்து பாத்தா ஒண்ணும் ஆகாதுல்ல?”

ஒன்றும் ஆகாது என்றேன். வேறு என்ன சொல்ல.

குழந்தையை உள்ளே அழைத்துவரச் சொன்னேன். எதையும் யோசித்துச் செய்யவில்லை. இருவரையும் ஒரே அறையில் நிற்க வைத்தால் போதும், மற்றது தானாக நடக்கும் என்று நினைத்தேன். நடக்கவில்லை. ஷைனி கதவருகிலேயே நின்றுவிட்டாள். அமலா தரையில் மண்டி போட்டு, “கண்ணு, வாடி” என்று கை நீட்டினாள். பிள்ளை வரவில்லை. எலுமிச்சம்பழக் கையைப் பின்னால் மறைத்துக்கொண்டது.

“ஏம்மா நீ வரல?”

அண்ணன் சொன்னதை, அனுபவத்தை, வரப்பை ஏழு வயதுப் பிள்ளைக்கு எப்படிச் சொல்வது? அமலாவின் கண்கள் அறையைச் சுற்றின. என் மேசை, சுவரில் மாட்டியிருந்த கறுப்பு அங்கி, நான்.

“கோர்ட்டுல… கோர்ட்டுல வரக் கூடாதுன்னு சொல்லிட்டாங்க கண்ணு.”

பொய். நான் முதல் நாளே போய்ப் பார் என்று சொன்னவள். நிறைந்த நீதிமன்றத்தில், இரண்டு தடவை. அந்தத் தாய் என் முன்னாலேயே, என் நீதிமன்றத்தைப் பற்றிப் பச்சையாகப் பொய் சொன்னாள். சொல்லிவிட்டு என்னைப் பார்த்த அந்தப் பார்வையை நான் இன்னும் மறக்கவில்லை. கழுத்தில் கத்தி இருக்கிறவள் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

ஷைனி என் பக்கம் திரும்பினாள். “நீங்கதான் கோர்ட்டா?”

“ஆமா.”

“நீங்களா சொன்னீங்க, வரக் கூடாதுன்னு?”

நீங்கள் இந்த வேலைக்கு வந்ததிலிருந்து உங்களுக்கு ஒன்றைச் சொல்லிச் சொல்லி வளர்த்திருப்பார்கள்: நீதிமன்றத்தின் மீது யாருக்கும் அவநம்பிக்கை வரக் கூடாது. எனக்கும் அப்படித்தான் சொல்லித் தந்தார்கள், நானும் நம்பினேன். உண்மையைச் சொல்வது எனக்குக் கஷ்டமில்லை. ‘இல்லை பாப்பா, நான் போகச் சொன்னேன், அம்மாதான் போகலை.’ ஒரே வாக்கியம், அத்தனையும் நிஜம். அதைச் சொல்லியிருந்தால் என் நீதிமன்றம் சுத்தமாக இருந்திருக்கும். அந்தப் பிள்ளையோ தன் தாய் தன்னைப் பார்க்க வர மறுத்தாள் என்பதை நீதிபதி வாயாலேயே கேட்டுக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்கும். பெரியவளான பிறகு வரப்பு வழக்கையெல்லாம் புரிந்துகொண்டு தாயை மன்னித்திருக்கலாம். அதுவரை?

“ஆமா பாப்பா, நான்தான் சொன்னேன்” என்றேன்.

“ஏன்?”

“தெரியாம சொல்லிட்டேன்.”

அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். இவ்வளவு பெரிய மேசை போட்டுக்கொண்டு இவ்வளவு தெரியாதவளா என்ற கணக்கில் இருந்தது அது. “அப்ப எங்கம்மாட்ட சாரி சொல்லுங்க” என்றாள்.

அமலா பதறி எழுந்துவிட்டாள். “ஏய், அப்பிடியெல்லாம் சொல்லாத…” நான் கையைக் காட்டி அவளை நிறுத்தினேன். நாற்காலியை விட்டு எழுந்து நின்று, “சாரிம்மா. உங்க பிள்ளையப் பாக்க விடாம பண்ணிட்டேன். இனிமே அப்படிச் சொல்ல மாட்டேன்” என்றேன்.

அமலா முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். அப்படியொரு அழுகையை நான் என் பணிக்காலத்தில் அதற்கு முன்பு கேட்டதில்லை. ஷைனி மெல்ல நடந்துபோய், அழுகிறவளின் தோளைத் தட்டிக் கொடுத்தாள். “விடும்மா, அவங்கதான் சாரி சொல்லிட்டாங்கல்ல” என்றாள். பிறகுதான் மடியில் ஏறி உட்கார்ந்தாள். அந்தப் பழத்தை எடுத்துக் காட்டி, “இன்னும் வச்சிருக்கேன் பாரு” என்றாள்.

அந்த வாரமே சனி ஞாயிறு பிள்ளை மலைக்குப் போக உத்தரவு போட்டேன். இந்த வழக்கு நடக்கும் காலத்தில் குழந்தையை யார் எங்கே போய்ப் பார்த்தாலும், குழந்தை எங்கே தங்கினாலும், அதை வசிப்பிடத்துக்கான ஆதாரமாக யாரும் காட்ட முடியாது, யாரும் எதையும் ஒத்துக்கொண்டதாக ஆகாது என்று அதில் எழுதினேன். எழுதியதோடு நிற்காமல் செல்வத்தையும் அமலாவையும் வில்பட்டி அண்ணனையும் முன்னால் நிற்க வைத்துப் பேச்சுத் தமிழில் சொன்னேன். “இது வரப்பு இல்லைங்கய்யா” என்று அவரிடம் தனியாக ஒரு முறை சொன்னேன். மப்ளரால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “எனக்குத் தெரிஞ்சது அவ்வளவுதான் மேடம்” என்றார். செல்வம் தலை குனிந்து நின்றான். “இத மொதல்லயே இப்பிடித் தெரிஞ்சிருந்தா நானே வெரசாக் கொண்டாந்து விட்ருப்பேன் மேடம்” என்றான். அவனை நான் நம்பினேன்.

முதல் கேள்விக்கும் தீர்ப்பு எழுதினேன். விடுமுறைக்குப் போன இடத்தில் ஒருவர் தன்னிச்சையாகப் பள்ளியில் சேர்த்துவிட்டதால் குழந்தையின் ஊர் மாறிவிடாது, எங்கள் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்றேன். செல்வத்தின் வக்கீல் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். அங்கேயும் நான் எழுதியதே நிலைத்தது, ஆனால் நிலைப்பதற்கு நாளாயிற்று. அதற்குள் ஷைனிக்குப் பெரியகுளத்தில் சிநேகிதிகள் வந்துவிட்டார்கள், டீச்சரைப் பிடித்துவிட்டது, சளி இழுப்பதும் குறைந்திருந்தது. கடைசியில் இருவரும் சமரசமாகப் போனார்கள். பள்ளிக்கூடம் கீழே அப்பாவிடம், சனி ஞாயிறும் விடுமுறையும் மேலே அம்மாவிடம். முன்பு அவர்களாகச் செய்துகொண்டிருந்த அதே ஏற்பாடு, தலைகீழாக. எந்த ஊர்ப் பிள்ளை என்ற கேள்வியில் அமலா ஜெயித்தாள். பிள்ளையை வாரத்தில் ஐந்து நாள் தோற்றாள். கையெழுத்துப் போட்டுவிட்டு, “அன்னைக்கே பஸ் ஏறிப் போயிருந்தேன்னா மேடம்…” என்று ஆரம்பித்தாள், முடிக்கவில்லை. போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எனக்கும் தெரியாது. ஒரு மழைக்காலம் முழுக்க அந்தக் குழந்தை தன்னைத் தாய்க்குப் பிடிக்கவில்லை என்று நினைத்துக்கொண்டு தூங்கியிருக்காது. அது மட்டும் நிச்சயம்.

இதிலிருந்து உங்களுக்கு ஒரே ஒரு வேலை சொல்கிறேன். அதிகார வரம்பு ஆட்சேபம் வந்த முதல் நாளே, வேறு எதையும் எழுதுவதற்கு முன்னால், குழந்தையைப் பார்ப்பதால் யாரும் எதையும் இழக்க மாட்டார்கள் என்று எழுதுங்கள். எழுதியதை அவர்களுக்குப் புரிகிற தமிழில் வாய்விட்டுச் சொல்லுங்கள். வக்கீல்களுக்கு மட்டும் சொல்லாதீர்கள். கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர் யார் என்று பார்த்து அவருக்கும் கேட்கும்படி சொல்லுங்கள்.

அந்த வழக்கு முடியும்வரை, ஷைனி நீதிமன்றத்துக்கு வந்த நாட்களில் என் பக்கம் முதுகைக் காட்டித்தான் உட்காருவாள். ஒரு முறை நீதிமன்றச் சேவகரான தபேதார் கையில் சாக்லேட் கொடுத்தனுப்பினேன். “அவங்க குடுத்தா வேணாம்” என்று திருப்பி அனுப்பிவிட்டாள். தபேதாருக்கு என்மேல் இரக்கம் வந்து, “சின்னப் பிள்ளைங்க மேடம், வெவரம் இல்ல” என்றார். எனக்கு வலிக்கத்தான் செய்தது. ஆனால் அவள் அம்மாவின் மடியில் சாய்ந்துகொண்டுதான் முதுகைக் காட்டினாள்.

இப்போது அவள் பெரிய பெண்ணாகியிருப்பாள். படிப்புச் செலவுக்கோ வேறெதற்கோ ஒரு நாள் உங்களில் யாராவது ஒருவர் முன்னால் வந்து நிற்கலாம். நின்றால், சின்ன வயதில் ஒரு ஜட்ஜம்மா என் அம்மாவை என்னைப் பார்க்க விடாமல் தடுத்துவிட்டார் என்று சொல்வாள். பழைய வழக்குக் கட்டை எடுத்துப் புரட்டினால் அப்படியொரு உத்தரவு அதில் இருக்காது. நீதிமன்றத்தின் பெயரைக் காப்பாற்றுகிறேன் என்று அவளைத் திருத்தப் போகாதீர்கள். ‘ஆமாம்மா, அவங்க செஞ்சது தப்புதான்’ என்று மட்டும் சொல்லிவிடுங்கள்.